பள்ளிக் கதவைத் திறந்து விடுவதா, பூட்டி வைப்பதா?



கடந்த வாரம் ஒரு நாள், பள்ளி முடியும் மணி அடிக்கச் சில நிமிடங்களே இருந்தன. வானம் திடீரெனக் கறுத்து, இடியுடன் பெருமழை பிடித்துக்கொண்டது. "ஐயா, என் வீடு பக்கத்தில்தான். நான் ஓடிப் போய்விடுகிறேன்" என்று இரண்டாம் ஆண்டு மாணவன் ஒருவன் புத்தகப்பையைத் தலைமேல் வைத்துக்கொண்டு புறப்பட்டான். அவன் கையைப் பிடித்து நிறுத்தினேன். அரைமணி நேரம் கழித்து அவன் தாயார் மழையங்கியோடு வந்து அழைத்துச் சென்றார். ஒன்றும் நடக்கவில்லை. இருப்பினும், 1888-ஆம் ஆண்டில் அமெரிக்க நாட்டின் நடுப்பகுதியில் வாழ்ந்த சில இளம் ஆசிரியைகள் அன்றிரவு முழுவதும் என் நினைவில் நின்றார்கள். அவர்களுக்கும் இதே கேள்விதான் எழுந்தது. பிள்ளைகளை அனுப்புவதா, நிறுத்தி வைப்பதா? அவர்கள் சொன்ன விடையில் உயிர்கள் தொங்கின.

அவர்களின் வரலாற்றை உங்களோடு பகிர்ந்துகொள்ள விரும்புகிறேன்.

இலவச நிலமும் இனிக்கும் விளம்பரமும்

அமெரிக்கா என்றதும் நம் பிள்ளைகளின் கண்முன் வானளாவிய கட்டடங்கள்தாம் தோன்றும். அந்நாட்டின் நடுவே, மரங்களே அரிதான புல்வெளி நூற்றுக்கணக்கான மைல்களுக்கு விரிந்து கிடக்கிறது. நெப்ராஸ்கா, கான்சாஸ், வட டகோட்டா, தென் டகோட்டா ஆகிய மாநிலங்கள் அங்கேதான் உள்ளன.

1862-ஆம் ஆண்டு மே மாதம் அதிபர் ஆப்ரகாம் லிங்கன் குடியேற்ற நிலச் சட்டத்தில் கையொப்பமிட்டார். ஒருவர் 160 ஏக்கர் நிலத்தைப் பதிவு செய்து, அதில் ஐந்தாண்டுகள் வாழ்ந்து, உழுது பயிரிட்டால் அந்நிலம் அவருக்கே சொந்தமாகும். பதிவுக்கான சிறு தொகையே செலவு. இச்சட்டத்தின்கீழ்க் காலப்போக்கில் 16 இலட்சத்திற்கும் மேற்பட்டோர் நிலவுரிமை பெற்றனர். அந்நிலம் ஆளில்லா நிலமன்று என்பதையும் நாம் மறைக்காமல் சொல்ல வேண்டும். லக்கோட்டா, பாவ்னி, ஒமாஹா முதலிய பூர்வகுடி மக்கள் தலைமுறை தலைமுறையாக வாழ்ந்த மண் அது. ஒப்பந்தங்களாலும் படைபலத்தாலும் அவர்கள் ஒதுக்கப்பட்ட பின்னரே அது 'இலவச நிலம்' ஆனது.

புகைவண்டி நிறுவனங்களுக்கும் அரசு பெரும் நிலப்பரப்பை வழங்கியிருந்தது. அவை அந்நிலத்தை விற்க ஐரோப்பாவிலும் விளம்பரம் செய்தன. செழிப்பான மண், இதமான காலநிலை என்றெல்லாம் அவ்விளம்பரங்கள் பேசின. உழுதால் போதும், மழை தானே பின்தொடர்ந்து வரும் என்னும் கருத்தைப் பேராசிரியர்களே பரப்பினர். அதை நம்பி செர்மனி, நார்வே, சுவீடன், உருசியா முதலிய நாடுகளிலிருந்து ஏழைக் குடும்பங்கள் கப்பலேறின.

வந்தவர்கள் கண்டது வேறு. வீடு கட்ட மரமில்லை. வேர் பின்னிய புல்தரையைச் செங்கற்கள்போல் வெட்டி அடுக்கி மண்வீடு கட்டினார்கள். மழை பெய்தால் கூரையிலிருந்து சேறு ஒழுகும். அடுப்பெரிக்க விறகு இல்லாததால் வைக்கோலை முறுக்கி எரித்தார்கள். 1874-ஆம் ஆண்டு கோடிக்கணக்கான வெட்டுக்கிளிகள் மேகம்போல் இறங்கி, பயிரை வேரோடு தின்று தீர்த்தன. இத்தனைக்கும் பிறகு அங்கேயே தங்கியவர்கள், பிள்ளைகளின் கல்விக்காக ஊருக்கு ஊர் ஓரறைப் பள்ளிகளை எழுப்பினார்கள். வயிற்றுக்கே வழியில்லாத நிலையிலும் பள்ளிக்கூடம் வேண்டுமென்று நினைத்த அப்பெற்றோரை எண்ணி நான் வியக்கிறேன்.

அப்பள்ளிகளில் கற்பித்தவர்கள் பெரும்பாலும் திருமணமாகாத இளம்பெண்கள். சிலருக்கு இருபது வயதுகூட நிரம்பவில்லை. அருகிலுள்ள குடும்பம் ஒன்றின் வீட்டில் தங்கி, விடியற்காலையில் அடுப்பு மூட்டி, ஒரே அறையில் எல்லா வகுப்புகளுக்கும் பாடம் நடத்தினார்கள்.

ஏமாற்றிய காலைப்பொழுது

1888 ஜனவரி 12, வியாழக்கிழமை. அதற்கு முந்திய நாள்களில் கடுங்குளிர் வாட்டியிருந்தது. அன்று காலையோ காற்று இதமாக இருந்தது. உறைபனி உருகத் தொடங்கியது. நெடுநாள் வீட்டுக்குள் அடைந்து கிடந்த மக்களுக்கு விடுதலை கிடைத்தாற்போல் இருந்தது. உழவர்கள் தொலைவிலிருந்த மாடுகளைப் பார்க்கச் சென்றனர். பிள்ளைகள் கனத்த மேலங்கிகளை வீட்டில் விட்டுவிட்டு மகிழ்ச்சியோடு பள்ளிக்கு நடந்தனர்.

அந்த இதமே எமனாக வந்து வாய்த்தது.

டகோட்டாவில் நண்பகலை ஒட்டியும், நெப்ராஸ்காவின் கிழக்குப் பகுதியில் பிற்பகல் மூன்று மணியளவிலும், வடமேற்கிலிருந்து ஒரு சாம்பல்நிறச் சுவர் உருண்டு வந்தது. சில நிமிடங்களில் வெப்பநிலை சரிந்தது. காற்றில் பறந்தது மென்மையான பனிப்பூ அன்று. மாவுபோல் பொடிந்த பனித்துகள். அது கண்ணிமைகளை ஒட்டவைத்தது, மூச்சை அடைத்தது. நீட்டிய கை தெரியாத வெண்ணிருள் சூழ்ந்தது. மறுநாள் காலையில் சில இடங்களில் வெப்பநிலை சுழியத்திற்குக் கீழ் 30 பாகை செல்சியஸை ஒட்டி இறங்கியிருந்தது.

முன்னறிவிப்பே இல்லையா என்று நீங்கள் கேட்கலாம். அக்காலத்தில் வானிலைப் பணி அமெரிக்கப் படையின் சமிக்ஞைப் பிரிவிடம் இருந்தது. மின்னசோட்டா மாநிலத்தின் செயின்ட் பால் நகரிலிருந்து தாமஸ் வுட்ரஃப் என்னும் படையதிகாரி அவ்வட்டாரத்திற்கான முன்னறிவிப்பை எழுதினார். கடுங்குளிர் அலை பற்றிய எச்சரிக்கையும் தந்தி வழியே சென்றது. ஆனால், தந்திக்கம்பி புகைவண்டி நிலையங்களோடு நின்றுவிட்டது. நடுவில் கறுப்புச் சதுரம் பொறித்த வெள்ளைக்கொடியை நகரத்தில் ஏற்றினால், பல மைல் தொலைவில் மண்வீட்டில் இருக்கும் உழவனுக்கு அது எப்படித் தெரியும்? செய்தி இருந்தது; தேவைப்பட்டவரிடம் அது போய்ச் சேரவில்லை.

மூன்று ஆசிரியைகள்

நெப்ராஸ்காவின் ஆர்ட் என்னும் ஊருக்கு அருகில் ஒரு மண்பள்ளியில் மின்னி ஃப்ரீமன் கற்பித்துக்கொண்டிருந்தார். சூறைக்காற்று பள்ளியின் கூரையைப் பிய்த்தெறிந்தது. இனி உள்ளே இருந்தால் சாவு உறுதி. அவர் பிள்ளைகளை ஒன்றாகத் திரட்டி, ஏறத்தாழ அரை மைல் தொலைவிலிருந்த பண்ணை வீட்டுக்கு அழைத்துச் சென்றார். எல்லாரும் உயிர் பிழைத்தனர். நாடெங்கும் அவர் புகழ் பரவியது. அதே ஆண்டில் அவரைப் பற்றிப் பாட்டே வெளிவந்தது. அவர் பிள்ளைகளைக் கயிற்றால் பிணைத்து இழுத்துச் சென்றார் என்றொரு கதையும் பிறந்தது. அக்கயிறு உண்மையில் இருந்ததா என்பதில் பின்னாளில் சான்றுகள் ஒத்துப்போகவில்லை. அழைத்துச் சென்ற பிள்ளைகளின் எண்ணிக்கையும் ஒவ்வொரு நூலில் ஒவ்வொரு விதமாக இருக்கிறது. பாட்டில் பதின்மூவர் என்று இருக்கிறது. வேறு சில குறிப்புகளில் அதனினும் அதிகம்.

அதே மாநிலத்தின் பிளெய்ன்வியூ என்னும் ஊருக்கு அருகில் லாய்ஸ் ராய்ஸ் என்னும் ஆசிரியை இருந்தார். அவரிடம் அப்பிற்பகலில் மூன்று சிறு பிள்ளைகள் மட்டுமே எஞ்சியிருந்தனர். அடுப்புக்கான எரிபொருள் தீர்ந்துவிட்டது. அவர் தங்கியிருந்த வீடு இருநூறு கெஜத்திற்குள்தான் இருந்தது. நம் பள்ளித் திடலின் இந்தக் கோடியிலிருந்து அந்தக் கோடிக்கு உள்ள தொலைவுதான். மூவரையும் அழைத்துக்கொண்டு புறப்பட்டார். வெண்ணிருளில் வழி தவறியது. இரவு முழுவதும் வெட்டவெளியில் பிள்ளைகளை அணைத்தபடி கிடந்தார். விடிவதற்குள் மூவரும் ஒருவர்பின் ஒருவராக அவர் அணைப்பிலேயே உயிர்நீத்தனர். அவர் தவழ்ந்து சென்று ஒரு வீட்டை அடைந்தார். உயிர் பிழைத்தது, பாதங்களை வெட்டி எடுக்க வேண்டியதாயிற்று.

மூன்றாமவர் எட்டா ஷட்டக். வயது 19. ஹோல்ட் மாவட்டத்தில் கற்பித்தவர். புயலில் வழி தவறி, ஒரு வைக்கோற்போருக்குள் நுழைந்துகொண்டார். கால்கள் மரத்துப்போனதால் வெளியே வர இயலவில்லை. மூன்று இரவுகள் உள்ளேயே கிடந்தார். ஞாயிற்றுக்கிழமை வைக்கோல் எடுக்க வந்த உழவர் அவரைக் கண்டெடுத்தார். கால்கள் அகற்றப்பட்டும் அவர் பிழைக்கவில்லை. பிப்ரவரித் தொடக்கத்தில் இறந்தார்.

டகோட்டாவில் உருசியாவிலிருந்து வந்து குடியேறிய மென்னோனைட் சமயக் குடும்பங்களைச் சேர்ந்த ஐந்து சிறுவர்கள் பள்ளியிலிருந்து வீடு திரும்பும் வழியில் மாண்டனர். பரவலாகச் சொல்லப்படும் கணக்கின்படி அப்புயலில் மாண்டோர் 235 பேர். அதனினும் மிகுதி என்று மதிப்பிடுவோரும் உள்ளனர். அவர்களுள் பலர் பள்ளிப் பிள்ளைகள். அதனாலேயே அப்புயலுக்குக் 'குழந்தைகளின் பனிப்புயல்' என்று பெயர் நிலைத்தது.

யார் சரி, யார் தவறு?

ஒமாஹா நகர நாளிதழ் ஒன்று இவ்வாசிரியைகளுக்காக நிதி திரட்டியது. அது ஃப்ரீமனுக்கு மட்டும் திரட்டாமல், ராய்ஸுக்கும் ஷட்டக்குக்கும் சேர்த்தே திரட்டியது. இதைப் படித்தபோது என் மனம் நெகிழ்ந்தது. அக்காலத்து மக்கள், தோற்றவரைத் தூற்றாமல் தாங்கியிருக்கிறார்கள்.

சற்றே எண்ணிப் பாருங்கள். ஃப்ரீமன் செய்ததும் ராய்ஸ் செய்ததும் ஒன்றே. இருவரும் கதவைத் திறந்து பிள்ளைகளோடு புயலுக்குள் இறங்கினார்கள். இருவருக்கும் உள்ளே தங்க வழியில்லை. ஒருவருக்குக் கூரை போயிற்று, மற்றவருக்கு நெருப்பு போயிற்று. சொல்லப்போனால் ராய்ஸ் கடக்க வேண்டிய தொலைவே குறைவு. ஒருவர் பாட்டில் இடம்பெற்றார். மற்றவர் மூன்று பிள்ளைகளின் நினைவைச் சுமந்தபடி எஞ்சிய வாழ்நாளைக் கழித்தார். விளைவை மட்டும் பார்த்துத் தீர்ப்பெழுதினால் நாம் வரலாற்றையும் தவறாகப் படிப்போம்; மனிதரையும் தவறாக எடைபோடுவோம்.

இதைப் பெற்றோர்களிடம் தாழ்மையுடன் சொல்கிறேன். ஆசிரியர் எடுக்கும் முடிவு சில வேளைகளில் தவறிப்போகும். அதற்குக் கவனக்குறைவுதான் காரணமா, கையில் வேறு வழியே இல்லாமற்போனதா என்று கேட்டறிந்த பிறகு சினம் கொள்ளுங்கள். ஆசிரியர்களிடமும் ஒன்று சொல்ல வேண்டும். அன்று பல பள்ளிகளில், எரிபொருள் இருந்தவரை பிள்ளைகளை விடாமல் உள்ளேயே இரவு முழுவதும் தங்க வைத்த ஆசிரியர்களும் இருந்தார்கள். நாற்காலி, மேசைகளை உடைத்து எரித்தவர்களும் உண்டு. அவர்களைப் பற்றிப் பாட்டு இல்லை. ஏனெனில் அங்கே எதுவும் நடக்கவில்லை. எதுவும் நடக்காமல் பார்த்துக்கொள்வதுதானே நம் தொழிலின் பெரும்பகுதி?

பின்னர் நடந்தவை

அதே ஆண்டு மார்ச் மாதம் நியூயார்க் உள்ளிட்ட கிழக்குக் கரை நகரங்களை வேறொரு பனிப்புயல் தாக்கியது. செய்தித்தாள்களின் கவனம் அங்கே திரும்பியது. புல்வெளி ஏழைகளின் துயரம் பின்னுக்குப் போயிற்று. 1890-இல் இயற்றப்பட்ட சட்டத்தால் வானிலைப் பணி படையிடமிருந்து வேளாண்மைத் துறைக்கு மாற்றப்பட்டது. 1890-களின் வறட்சியில் பல குடும்பங்கள் நிலத்தைக் கைவிட்டு வெளியேறின. மழை உழவின் பின்னால் வரவேயில்லை.

பிழைத்த பிள்ளைகள் மறக்கவில்லை. முதுமையடைந்த பின், 1940-இல் அவர்கள் ஒரு சங்கம் அமைத்துக் கூடினார்கள். தத்தம் நினைவுகளை எழுதித் திரட்டி 1947-இல் நூலாக வெளியிட்டார்கள். இன்று நாம் இவ்வளவும் அறிய முடிவது, அவர்கள் எழுதி வைத்ததால்தான். நெப்ராஸ்கா மாநிலத் தலைமைக் கட்டடத்தின் சுவரில் அப்புயல் நாள் வண்ணக்கல் ஓவியமாகப் பதிக்கப்பட்டுள்ளது.

நம் பள்ளிகளுக்கும் ஒரு வேண்டுகோள். பெருமழையோ வெள்ளமோ வந்தால் எந்தப் பிள்ளையை யார் அழைத்துச் செல்வார், யார் வரும்வரை பிள்ளையை அனுப்பக்கூடாது, எந்த எண்ணில் தொடர்புகொள்வது என்பதை ஆண்டுத் தொடக்கத்திலேயே பெற்றோரும் ஆசிரியரும் பேசி எழுதி வைத்துக்கொள்வோம். செய்தி இருந்தும் சேராமற்போன துயரம் 1888-ஆம் ஆண்டோடு முடியட்டும்.

அந்த இரண்டாம் ஆண்டு மாணவன் மறுநாள் என்னிடம் வந்தான். "ஐயா, நேற்று என்னை விட்டிருந்தால் அம்மா வருவதற்குள் நானே வீட்டுக்குப் போயிருப்பேன்" என்றான், சற்றே கோபமாக. "போயிருப்பாய்" என்றேன். அவன் சொன்னது உண்மையாகவே இருக்கலாம். அடுத்த மழையிலும் அவன் கையைப் பிடித்து நிறுத்தத்தான் போகிறேன்.

அன்புடன்,
உங்கள் தமிழாசிரியன்