இரு போர்களின் தலைவர்

1963 நவம்பர் 22ஆம் நாள் பிற்பகல். டல்லஸ் விமான நிலையத்தில் குடியரசுத் தலைவரின் விமானம் நின்றுகொண்டிருந்தது. அதன் பின்பகுதியில் சுட்டுக் கொல்லப்பட்ட கென்னடியின் உடல் தாங்கிய பேழை. நடுப்பகுதியில் புழுக்கமும் நெரிசலும். பதவிப் பிரமாணம் செய்துவைக்க நீதிபதி சாரா ஹியூஸ் அழைத்து வரப்பட்டிருந்தார். கை வைத்து உறுதி கூற ஒரு விவிலியம் வேண்டும். தேடியபோது கென்னடியின் தனியறையில் தோலுறை இட்ட நூல் ஒன்று கிடைத்தது. விவிலியம் என்றே அனைவரும் எண்ணினர். பிறகுதான் தெரிந்தது, அது கத்தோலிக்கரின் திருப்பலிப் புத்தகம் என்பது. 'கிறிஸ்துவின் சீடர்கள்' என்னும் புரொட்டஸ்டாண்டுச் சபையைச் சேர்ந்த லிண்டன் ஜான்சன், அந்த நூலின்மீது கை வைத்து அமெரிக்க ஐக்கிய நாடுகளின் 36ஆம் குடியரசுத் தலைவரானார்.

ஐந்தாண்டுகளும் ஏறத்தாழ இரண்டு மாதங்களும் அவர் ஆண்டார். கென்னடியின் பதவிக் காலத்தில் எஞ்சியிருந்த பதினான்கு மாதங்கள். பின்னர் மக்களே தேர்ந்தளித்த நான்கு ஆண்டுகள். அச்சிறு காலத்துக்குள் அவர் செய்த நன்மையும் விளைவித்த அழிவும் இன்றளவும் ஒன்றையொன்று கழித்துவிட முடியாதபடி அருகருகே நிற்கின்றன. வரலாற்றாசிரியர் ராபர்ட் காரோ இம்மனிதரைப் பற்றி 1982 முதல் 2012 வரை நான்கு பெருந்தொகுதிகளை வெளியிட்டார் என்றால், அது வியப்பன்று.

டெக்சாஸ் மாநிலத்தில் ஸ்டோன்வால் என்னும் சிற்றூரின் அருகே 1908இல் பிறந்தவர் ஜான்சன். தந்தை மாநிலச் சட்டமன்ற உறுப்பினராயிருந்தும், நிலத்தில் பணத்தைப் போட்டுக் கடனாளியானவர். ஊர் மதித்த குடும்பம் ஊரார் முன் தலைகுனிந்ததை மகன் கண்ணாரக் கண்டான். கல்லூரிச் செலவுக்குப் பணம் சேர்ப்பதற்காக 1928இல் கொட்டுல்லா என்னும் ஊரில் மெக்சிக வம்சாவளிக் குழந்தைகளின் பள்ளியில் ஆசிரியரானார். காலையுணவின்றி வந்தமர்ந்த அக்குழந்தைகளின் கண்களில், தாங்கள் ஏன் வெறுக்கப்படுகிறோம் என்ற கேள்வியைக் கண்டதாக அவர் பிற்காலத்தில் நினைவுகூர்ந்தார். அரசியல்வாதிகள் தம் இளமை வறுமையைப் பற்றிப் பேசும்போது சற்றே ஐயத்துடன் கேட்பது நம் வழக்கம். ஆனால் இவர் விஷயத்தில் அந்த நினைவு சட்டமாக மாறியது என்பதை மறுப்பதற்கில்லை.

அதற்கு முன் வேறொன்றையும் சொல்லியாக வேண்டும். 1948இல் செனட் அவைக்குப் போட்டியிட அவர் தம் கட்சியின் வேட்பாளராகத் தேர்வானது, பத்து இலட்சத்தை நெருங்கிய வாக்குகளில் வெறும் 87 வாக்கு வித்தியாசத்தில். ஆலிஸ் என்னும் ஊரின் 13ஆம் எண் பெட்டியில் சுமார் இருநூறு வாக்குகள் பல நாள் கழித்துக் 'கண்டெடுக்கப்பட்டன'. வாக்காளர் பட்டியலின் கடைசிப் பெயர்கள் ஒரே மையில், ஒரே கையெழுத்தில், அகர வரிசையில் இருந்தன! கறுப்பின மக்களின் வாக்குரிமையைப் பின்னாளில் உறுதிசெய்தவர், இத்தகைய பெட்டியொன்றின் வழியாகத்தான் அதிகாரத்தின் வாயிலைக் கடந்தார். அதுமட்டுமன்று, நாடாளுமன்றத்தில் முதல் இருபதாண்டுகள் குடியுரிமை மசோதாக்களுக்கு எதிராகவே வாக்களித்து வந்தார். 1957இல்தான், செனட் பெரும்பான்மைக் கட்சித் தலைவர் என்ற முறையில், வலுவிழந்த ஒரு குடியுரிமைச் சட்டத்தை நிறைவேற்றிக் கொடுத்தார்.

தலைமைப் பதவி கைக்கு வந்ததும் அந்த மனிதர் மாறினாரா, அல்லது அதுவரை மறைத்து வைத்திருந்ததை வெளியே எடுத்தாரா? எனக்கு இரண்டாவதே சரியென்று படுகிறது. குடியுரிமை மசோதாவில் கைவைத்தால் தேர்தலில் தோற்பீர்கள் என்று ஆலோசகர்கள் எச்சரித்தபோது, பின் இப்பதவி எதற்காக என்று அவர் திருப்பிக் கேட்டதாகச் சொல்வர். தென்மாநிலச் செனட்டர்கள் முடிவின்றிப் பேசிக்கொண்டேயிருந்து மசோதாவை மூச்சடைக்கச் செய்ய முயன்றனர். ஜான்சன் ஒவ்வொரு செனட்டராகத் தொலைபேசியில் அழைத்தார். முகத்தோடு முகம் உரச நின்று கெஞ்சினார், மிரட்டினார், பேரம் பேசினார். 1964 ஜூன் 10ஆம் நாள் விவாதத்தை முடிக்கும் தீர்மானம் வாக்கெடுப்புக்கு வந்தது. கலிபோர்னியாவின் செனட்டர் கிளேர் எங்கிள் மூளைக் கட்டியால் பேச்சிழந்து சக்கர நாற்காலியில் கொண்டுவரப்பட்டார். பெயர் அழைக்கப்பட்டபோது நடுங்கும் கையை உயர்த்தித் தம் கண்ணைத் தொட்டுக் காட்டினார். ஆங்கிலத்தில் கண்ணுக்கும் சம்மதத்துக்கும் ஒலி ஒன்றே. 71க்கு 29 என்று தீர்மானம் வென்றது. ஜூலை 2ஆம் நாள் சட்டமானது. அன்றிரவு, தென்மாநிலங்களை நெடுங்காலத்துக்கு எதிர்க்கட்சியிடம் ஒப்படைத்துவிட்டோம் என்று ஜான்சன் சோர்வுடன் கூறியதாக அவருடைய உதவியாளர் பில் மோயர்ஸ் பதிவு செய்திருக்கிறார். அக்கணிப்பு பெரும்பாலும் பலித்தது. தெரிந்தே கொடுத்த விலை அது.

அவ்வாண்டு ஜனவரியிலேயே அவர் வறுமையின்மீது போர் தொடுப்பதாக அறிவித்திருந்தார். நவம்பர் தேர்தலில் 61 விழுக்காடு வாக்குகள் பெற்று, ஐம்பது மாநிலங்களில் நாற்பத்து நான்கை வென்றார். அதன்பின் வந்த 1965ஆம் ஆண்டைச் சற்று நிதானமாக நோக்குவது நல்லது. ஏனெனில் ஜான்சன் என்னும் புதிர் முழுவதும் அந்த ஓராண்டுக்குள், இன்னும் சொல்லப்போனால் ஒரு கோடைக்காலத்தின் இரண்டு வாரங்களுக்குள் அடங்கியிருக்கிறது.

ஜூலை 28ஆம் நாள் நண்பகல் அவர் செய்தியாளரைச் சந்தித்தார். வியட்நாமில் உள்ள அமெரிக்கப் படையை 1,25,000 ஆக உயர்த்துவதாகவும் தேவைப்பட்டால் மேலும் அனுப்புவதாகவும் அறிவித்தார். அவர் பதவியேற்றபோது அங்கே இருந்தவர்கள் சுமார் 16,000 இராணுவ ஆலோசகர்களே. இரண்டு நாள் கழித்து, ஜூலை 30ஆம் நாள், மிசௌரி மாநிலத்தின் இன்டிபெண்டன்ஸ் நகருக்குச் சென்று, முதியோருக்கு மருத்துவக் காப்பீடு அளிக்கும் 'மெடிகேர்' சட்டத்தில், அதற்காக முன்பு போராடித் தோற்ற முதியவர் ட்ரூமனின் அருகிலமர்ந்து கையெழுத்திட்டார். (இச்சட்டத்தின் ஒரு நற்பயன் அதிகம் பேசப்படுவதில்லை. அரசின் பணம் வேண்டுமாயின் மருத்துவமனைகள் நிறப் பாகுபாட்டைக் கைவிட வேண்டும் என்பது நிபந்தனை. கறுப்பருக்கும் வெள்ளையருக்கும் தனித்தனியே இருந்த நோயாளிக் கூடங்கள் 1966இல் வேகமாக மறையத் தொடங்கின.) மேலும் ஒரு வாரம்: ஆகஸ்ட் 6ஆம் நாள் வாக்குரிமைச் சட்டம். மிசிசிப்பியில் வாக்காளராகப் பதிவு பெற்றிருந்த கறுப்பின மக்கள் நூற்றுக்கு ஏழு பேர் கூட இல்லை. 1967இல் அவர்கள் ஏறத்தாழ அறுபது பேர். அதற்கு ஐந்தாம் நாள் லாஸ் ஏஞ்சலஸ் நகரின் வாட்ஸ் பகுதி தீப்பற்றி எரிந்தது. இத்தனை செய்தும் நன்றி இல்லையே என்று ஜான்சன் மனம் கசந்தார். ஏட்டில் எழுதிய உரிமை, வேலையற்ற இளைஞனின் தெருவரை வந்து சேரவில்லை என்பதை அவர் உடனே உணரவில்லை.

அவ்வாண்டு அக்டோபர் 3ஆம் நாள் நியூயார்க்கில், சுதந்திரச் சிலையின் அடியில் குடிவரவுச் சட்டத்தில் கையெழுத்திட்டார். பிறந்த நாட்டை வைத்து ஒதுக்கீடு செய்யும் பழைய முறை அதனால் ஒழிந்தது. அதுவரை இந்தியாவுக்கு ஆண்டுக்கு நூறே இடங்கள். இது புரட்சிகரமான சட்டமன்று என்று ஜான்சன் அன்று அடக்கமாகச் சொன்னார். இன்று அமெரிக்காவில் மருத்துவராகவும் பொறியாளராகவும் வாழும் தமிழ்க் குடும்பங்களில் மிகப் பலவற்றின் வரலாறு அந்தக் கையெழுத்தில் தொடங்குகிறது. மறுநாள் அதே நகரில் திருத்தந்தை ஆறாம் பவுலை அவர் சந்தித்தார். அமெரிக்க மண்ணில் திருத்தந்தை ஒருவர் கால் பதித்தது அதுவே முதன்முறை. அன்று ஐக்கிய நாடுகள் அவையில் நின்று, இனி ஒருபோதும் போர் வேண்டாம் என்று திருத்தந்தை உலகை மன்றாடினார். ஜான்சன் அவரை மதித்தார்; 1967 கிறிஸ்துமசுக்கு இரண்டு நாள் முன்பு வத்திக்கானுக்கே சென்று மீண்டும் சந்தித்தார். ஆனால் குண்டுகள் விழுந்துகொண்டுதான் இருந்தன.

அந்தப் போருக்கு அடித்தளமாய் அமைந்ததே ஒரு பொய்ச் செய்தி. 1964 ஆகஸ்ட் 2ஆம் நாள் டோங்கின் வளைகுடாவில் அமெரிக்கக் கப்பல் தாக்கப்பட்டது உண்மை. 4ஆம் நாள் நடந்ததாகச் சொல்லப்பட்ட இரண்டாம் தாக்குதல் நடக்கவேயில்லை. உளவுத்துறையின் ஆய்வே 2005இல் வெளியாகி இதை உறுதிசெய்தது. ஆயினும் மூன்றே நாளில் நாடாளுமன்றம் வரம்பற்ற அதிகாரத்தைத் தலைவரின் கையில் கொடுத்தது. செனட்டில் எதிர்த்தவர் இருவரே.

இதைவிட நெஞ்சை உறுத்துவது வேறொன்று. தம் தொலைபேசி உரையாடல்களை ஜான்சன் இரகசியமாகப் பதிவுசெய்து வைத்திருந்தார். மறைவுக்குப் பின் ஐம்பதாண்டு திறக்கலாகாது என்று பணித்திருந்தும், 1990களில் அவை வெளிவரத் தொடங்கின. 1964 மே 27ஆம் நாள் தம் பழைய நண்பர் செனட்டர் ரிச்சர்ட் ரசலிடமும் ஆலோசகர் பண்டியிடமும் அவர் பேசியதை இப்போது எவரும் கேட்கலாம். வியட்நாம் போரிடுவதற்கு உரிய இடமன்று, ஆனால் வெளியேறவும் வழி தெரியவில்லை என்பது அவருடைய புலம்பல். வீரர்களை அங்கே அனுப்புவதை எண்ணி உறக்கமின்றித் தவித்ததையும் சொல்கிறார். அறியாமல் செய்த பிழையாயின் மன்னிப்பது எளிது. இவர் அறிந்திருந்தார். கோழை எனப் பெயர் வந்துவிடும், அந்தப் பெயர் வந்தால் ஏழைகளுக்கான திட்டங்கள் நாடாளுமன்றத்தில் கவிழும் என்று அஞ்சினார். 1968 முடிவில் வியட்நாமில் இருந்த அமெரிக்க வீரர் ஐந்து இலட்சத்துக்கு மேல். அந்தப் போர் முழுவதிலும் மடிந்த அமெரிக்கர் சுமார் 58,000. மடிந்த வியட்நாமியர் பல இலட்சம்.

திருச்சபையும் இதில் ஒரே குரலில் பேசவில்லை என்பதை நாம் மறைக்க வேண்டியதில்லை. 1966 கிறிஸ்துமஸ் காலத்தில் வியட்நாம் சென்ற நியூயார்க் கர்தினால் ஸ்பெல்மன், வெற்றியைத் தவிர வேறெதையும் எண்ண முடியாது என்று வீரர்களிடம் முழங்கினார். 1968 மே மாதம் கேட்டன்ஸ்வில் என்னும் ஊரில், டேனியல், பிலிப் பெரிகன் என்னும் குருக்களான உடன்பிறப்புகள் இருவரும் வேறு ஏழு கத்தோலிக்கரும் படைத்திரட்டு ஆவணங்களை வாகன நிறுத்துமிடத்தில் கொட்டிக் கொளுத்தி, கைதாகும்வரை செபித்துக்கொண்டு நின்றார்கள். ஒரே மறைநூலை வாசித்தவர்கள்தாம் இருசாராரும்.

இந்தியாவில் ஜான்சனின் பெயர் கோதுமையோடு சேர்ந்தது. 1965இலும் 1966இலும் பருவமழை பொய்த்தது. பி.எல். 480 திட்டத்தின்கீழ் அமெரிக்கக் கப்பல்கள் வந்தால்தான் பங்கீட்டுக் கடையில் தானியம் என்ற நிலை. 1966இல் மட்டும் இறக்குமதியான தானியம் சுமார் ஒரு கோடி டன். வேளாண்மையைச் சீர்திருத்தினால்தான் உதவி என்று வற்புறுத்திய ஜான்சன், நீண்டகால ஒப்பந்தத்துக்கு உடன்படாமல், கப்பல்களை மாதக் கணக்கில் எண்ணி எண்ணி விட்டார். வியட்நாமில் குண்டு வீசுவதை இந்தியா கண்டித்தது அவருக்குப் பொறுக்கவில்லை என்பதும் உண்மை. உயிர் காத்த கையே கழுத்தையும் பிடித்திருந்தது. அன்றைய உணவமைச்சர் சி. சுப்பிரமணியம் 1965 நவம்பரில் ரோமாபுரியில் அமெரிக்க வேளாண் அமைச்சர் ஃப்ரீமனுடன் அமர்ந்து ஓர் உடன்பாடு கண்டார். மறு ஆண்டே மெக்சிகோவிலிருந்து 18,000 டன் வீரிய விதை தருவிக்கப்பட்டது. பசுமைப் புரட்சிக்கு நம்மவரின் தொலைநோக்கே காரணம் என்பதில் ஐயமில்லை. எனினும் அந்த அவமானம் அதை விரைவுபடுத்தியது என்று சொல்லாதிருக்க முடியவில்லை.

1967 ஏப்ரல் 4ஆம் நாள் நியூயார்க்கின் ரிவர்சைட் ஆலயத்தில் மார்ட்டின் லூதர் கிங், வறுமை ஒழிப்புக்கான பணத்தையும் மனிதரையும் போர் விழுங்குகிறது என்று வெளிப்படையாகக் கண்டித்தார். ஜான்சன் அதைத் துரோகமாகவே கருதினார். சரியாக ஓராண்டு கழித்து, அதே நாளில், கிங் சுடப்பட்டார். அதற்கு நான்கு நாள் முன்புதான், மார்ச் 31ஆம் நாள் இரவு, தாம் மீண்டும் போட்டியிடப் போவதில்லை என்று ஜான்சன் தொலைக்காட்சியில் அறிவித்து உலகைத் திகைக்க வைத்திருந்தார். கிங்கின் மறைவால் நகரங்கள் எரிந்துகொண்டிருந்த அந்த வாரத்திலேயே, வீட்டு வசதியில் நிறப் பாகுபாட்டைத் தடுக்கும் சட்டத்தை நிறைவேற்றி ஏப்ரல் 11இல் கையொப்பமிட்டார்.

எஞ்சியது என்ன? 1964இல் அமெரிக்க மக்களில் நூற்றுக்குப் பத்தொன்பது பேர் வறியவர், 1969இல் பன்னிரண்டு. மெடிகேர் நிலைத்தது. வாக்குரிமைச் சட்டத்தின் முதுகெலும்பாயிருந்த ஒரு பிரிவை உச்ச நீதிமன்றம் 2013இல் செயலிழக்கச் செய்தது. போர்க்கால அமைச்சர் மக்னமாரா, நாங்கள் பெருந்தவறு செய்தோம் என்று 1995இல் நூலெழுதி ஒப்புக்கொண்டார். அரசு சொல்வதை நம்பலாகாது என்னும் மனப்பான்மை அமெரிக்கரிடையே வேரூன்றியதும் ஜான்சன் காலத்து மரபுரிமைதான்.

பண்ணைக்குத் திரும்பியவர் மருத்துவர் விலக்கிய புகையை மீண்டும் பற்றவைத்தார், நரைமுடியை நீளமாக வளர்த்தார். 1972 டிசம்பரில் ஆஸ்டின் நகரில் தம் பெயர் தாங்கிய நூலகத்தில் குடியுரிமை பற்றிய கருத்தரங்கு நடந்தது. மருத்துவர்கள் தடுத்தும் வந்தார். பேச்சின் நடுவே மார்பு வலிக்க, சட்டைப் பையிலிருந்து மாத்திரையை எடுத்து எல்லோரும் காண வாயிலிட்டுக்கொண்டு தொடர்ந்தார். இன்னும் அதிகம் செய்திருக்க வேண்டும், செய்யாமற்போனதற்காக வெட்கப்படுகிறேன் என்பது அன்று அவர் சொன்னதன் சாரம். வியட்நாமைப் பற்றி அவர் அப்படிச் சொன்னதாக எங்கும் காணோம். ஆறு வாரங்களுக்குள், 1973 ஜனவரி 22ஆம் நாள், பண்ணை வீட்டில் மாரடைப்பால் இறந்தார். பாரிசில் போர்நிறுத்த ஒப்பந்தம் கையெழுத்தானது ஐந்து நாள் கழித்து.