மூன்றே படங்கள்

பின்லாந்து நடிகை சிர்க்கா சாரி தோன்றிய பேசும்படங்கள் மூன்றே. ஹெல்லா வுவோலியோகி அம்மையாரின் நாடகத்தைத் தழுவி 1938-ல் வெளிவந்த ‘நிஸ்காவுவோரிப் பெண்கள்’ படத்தில், மணமான பண்ணையாரைக் காதலித்து ஊராரின் ஏச்சுக்கு ஆளாகும் பள்ளி ஆசிரியை வேடம் அவருக்கு. அவ்வேடம் பூண்டபோது அவருக்குப் பதினெட்டு வயதும் நிரம்பவில்லை!

1939 ஜூலையில், ‘பணக்காரப் பெண்’ படக்குழுவினர் அவுலாங்கோ விடுதியில் விருந்துண்டு மகிழ்ந்தனர். அப்போது கூரைமேல் சென்ற சாரி, ஏணியுடன் நின்ற புகைபோக்கியைக் காட்சிமேடையெனக் கருதி ஏறினார். உள்ளே வீழ்ந்து, அடியிலிருந்த கொதிகலத்தில் மாண்டார். வயது 19. இதனைத் தலைவிதி என்பாரோடு நமக்கு உடன்பாடில்லை. புகைபோக்கியில் ஏணியை வைத்தது மனிதர் கையன்றோ?

படத்திலோ சில காட்சிகள் எஞ்சியிருந்தன. வேறொரு பெண்ணைத் தொலைவில் நிறுத்தி அவற்றை எடுத்து முடித்தனர். அவ்வாண்டே படமும் வெளிவந்தது. கொட்டகையில் மக்கள் கண்ட அத்தூரத்து உருவம் சாரி அல்லர்.