தமிழ்க் கிறிஸ்தவப் பெயர்கள்

தமிழ்நாட்டிலும் இலங்கையிலும் கிறிஸ்தவர்கள் திருமுழுக்கின்போது சூட்டிக்கொள்ளும் பெயர்கள் இரண்டு வழிகளில் வந்தவை. புனிதரின் பெயரைத் தமிழ் நாவுக்கேற்ப ஒலிமாற்றி எடுத்துக்கொண்டது ஒரு வழி. அதன் பொருளைத் தெரிந்துகொண்டு தமிழிலேயே புதுப் பெயர் சமைத்தது மற்றொன்று. சூசை முதல் வகை. சின்னப்பன் இரண்டாம் வகை.

ஒலிவழிப் பெயர்கள் முத்துக்குளித்துறையில் தொடங்கின. 1530களில் பரதவர்கள் பெருந்திரளாகத் திருமுழுக்குப் பெற்றபோது பெர்னாண்டோ, பெரேரா, குரூஸ் போன்ற போர்த்துக்கீசியக் குடும்பப் பெயர்களும் கரையேறின. தூத்துக்குடிப் பக்கம் இன்றும் அவை புழக்கத்தில் உள்ளன. 1542இல் வந்த பிரான்சிஸ் சவேரியாரின் பெயர் மக்கள் வாயில் சவரியாகி, சவரிமுத்து, சவரிராயன், சவரியம்மாள் எனக் கிளைத்தது. போர்த்துக்கீசிய ‘ஜோசே’ சூசையானது. யாக்கோபு என்ற பெயர் சந்தியாகு ஆனது. இதன் தொடக்கத்திலுள்ள ‘சந்த்’ என்பதே புனிதர் என்று பொருள்படும். அப்படியானால் ‘புனித சந்தியாகப்பர்’ என்கிற ஊர்க்காரர் அவரை இரண்டு முறை புனிதராக்குகிறார்.

பொருள்வழிப் பெயர்களுக்கு இடம் அமைத்தவர்கள் கடற்கரையை விட்டு உள்நாட்டில் பணியாற்றிய மறைப்பணியாளர்கள். 1606இல் மதுரைக்கு வந்த ராபர்ட் தெ நொபிலி தத்துவ போதகர் எனப்பட்டார். 1693இல் ஓரியூரில் தலை வெட்டப்பட்ட ஜான் தெ பிரிட்டோவை மக்கள் அருளானந்தர் என்றே அறிந்திருந்தனர். யோவான் என்பதற்கு எபிரேயத்தில் ‘ஆண்டவர் அருளுடையவர்’ என்று பொருள். அருளப்பன் என்ற பெயரிலும் அதே அருள்தான். இலத்தீனில் பவுல் என்றால் சிறியவர், ஆகவே சின்னப்பன். பேதுருவைக் குறிக்கும் இராயப்பனிடம் இந்தக் கணக்கு அவ்வளவு நேராகத் தெரிவதில்லை. பேதுரு என்றால் பாறை, இராயன் என்பதிலோ அரசன்தான் தெரிகிறான். வீரமாமுனிவர் தேம்பாவணியில் இம்முறையைக் காவியத்துக்கே கொண்டுபோனார். ‘மிகுதியாக்குவார்’ என்ற பொருளுடைய யோசேப்பு அங்கே வளன். திருமுழுக்கு யோவான் கருணையன்.

பெயர்மாற்றம் வாழ்வையே மாற்றியதற்கு எடுத்துக்காட்டு நட்டாலத்து நீலகண்டபிள்ளை. திருவிதாங்கூர் அரசுப் பணியில் இருந்த அவர் 1745இல் வடக்கன்குளத்தில் திருமுழுக்குப் பெற்று லாசர் ஆனார். லாசர் என்பது ‘கடவுள் உதவினார்’ என்று பொருள்படும் எலெயாசார் என்ற எபிரேயப் பெயரின் வேறு வடிவம். அதன் தமிழாக்கமே தேவசகாயம். 1752இல் ஆரல்வாய்மொழிக் காற்றாடிமலையில் சுட்டுக் கொல்லப்பட்ட அவர், 2022இல் புனிதராக அறிவிக்கப்பட்டார்.

திருத்தலங்களும் பெயர் தந்தன. வேளாங்கண்ணியின் ஆரோக்கிய மாதாவால் ஆரோக்கியசாமி, ஆரோக்கியமேரி. 1858இல் பிரான்சின் லூர்து நகரில் நிகழ்ந்ததாகச் சொல்லப்படும் மாதா காட்சிக்குப் பின் லூர்துசாமி, லூர்துமேரி. தரங்கம்பாடியில் 1706இல் வேரூன்றிய சீர்திருத்த சபையினருக்குப் புனிதர் வணக்கம் இல்லாததால் சவரியும் அந்தோணியும் அங்கே அரிது. வேதாகமப் பெயர்களும், வேதம், ஞானம், தேவன் என்று தொடங்கும் கூட்டுப் பெயர்களும் அவர்களிடம் பெருகின. ஒருவரின் பெயரைக் கேட்டவுடனே ‘ஆர்.சி.யா, சி.எஸ்.ஐ.யா’ என்று ஊகிக்கிற பழக்கம் நெல்லை, குமரி மாவட்டங்களில் இன்னும் போகவில்லை.

பழைய கத்தோலிக்க மொழிபெயர்ப்புகளில் அருளப்பர், இராயப்பர், சின்னப்பர் என்றிருந்தவர்கள், 1995இல் வெளிவந்த பொது மொழிபெயர்ப்பில் யோவான், பேதுரு, பவுல் ஆனார்கள். வாசகத்தில் காதில் விழாத பெயரைக் குழந்தைக்கு வைக்க யாருக்குத் தோன்றும்? இப்போது தாத்தா சின்னப்பன், அப்பா பால்ராஜ், பேரன் பால் என்று ஒரே வீட்டில் இருப்பார்கள். மூவரும் ஒரே புனிதரின் பெயரைத்தான் சுமக்கிறார்கள் என்பது பேரனுக்குத் தெரிந்திருப்பது அபூர்வம்.