அட்டை கேட்காத திடல்

விளையாட்டரங்கம் என்றதும் நம் மனம் காலாங்குக்குத்தான் ஓடுகிறது. பெரும் கூட்டம், ஆரவாரம், வெற்றிக் கிண்ணம். ஆனால் ஒரு நகரத்தின் விளையாட்டு வரலாறு, யார் வேண்டுமானாலும் கால்வைக்கக்கூடிய பொதுத் திடலில்தான் தொடங்குகிறது. அதற்குச் சாட்சி தேக்காவின் பக்கத்திலேயே இருக்கிறது. அதுதான் ஃபேரர் பார்க்.

1840-களில் அங்கே குதிரைப் பந்தயத் திடல் அமைந்தது. ரேஸ் கோர்ஸ் ரோட்டுக்குப் பெயர் வந்தது அப்படித்தான். 1911-ல் சிங்கப்பூர் வானில் முதன்முதலாக விமானம் பறந்ததும் அங்கிருந்துதான். 1933-ல் பந்தயம் புக்கிட் தீமாவுக்கு இடம் மாறியது. பிறகு அந்த இடம், நகராண்மைத் தலைவராக இருந்த ரோலண்ட் ஃபேரரின் பெயரில் பொது விளையாட்டுத் திடலானது.

அந்தக் காலத்தில் அது சின்ன விஷயமல்ல. பாடாங்கின் ஒரு முனையில் ஐரோப்பியர்களின் கிரிக்கெட் சங்கம், மறுமுனையில் யுரேஷியர்களின் பொழுதுபோக்குச் சங்கம். இந்தியர்களுக்கும் இலங்கையர்களுக்கும் தனித்தனிச் சங்கங்கள். அங்கெல்லாம் விளையாட உறுப்பினராக வேண்டும். ஃபேரர் பார்க்கில் விளையாட ஒரு பந்து போதும்.

ஊர் கூடிய இடமும் அதுதான். 1942 பிப்ரவரி 17-ஆம் தேதி, சிங்கப்பூர் வீழ்ந்த இரண்டாவது நாள், பிரிட்டிஷ் படையில் இருந்த 40,000-க்கு மேற்பட்ட இந்திய வீரர்கள் அந்தத் திடலில்தான் ஜப்பானியரிடம் ஒப்படைக்கப்பட்டனர். இந்திய தேசிய ராணுவத்தில் சேருமாறு மோகன் சிங் அவர்களை அழைத்ததும் அங்கேதான். போருக்குப் பிறகு அரசியல் கூட்டங்களும் அங்கே நடந்தன.

இனி நம் சி. குணாளனைப் பாருங்கள். பள்ளி ஆசிரியரான அவர் முதலில் காற்பந்து ஆட்டக்காரர். அவருடைய வேகத்தைக் கண்ட பயிற்சியாளர் டான் எங் யூன் அவரை ஓட்டத்துக்குத் திருப்பினார். ஃபேரர் பார்க்கில் பயிற்சி செய்த அந்தக் கால்கள், 1966 பேங்காக் ஆசிய விளையாட்டுகளில் 100 மீட்டர் ஓட்டத்தில் வெள்ளி வென்றன. 1968 மெக்சிகோ ஒலிம்பிக்கில் அவர் 10.38 வினாடியில் ஓடினார். அந்தத் தேசியச் சாதனையை 2001-ல் யு.கே. ஷியாம் 10.37 வினாடியில் ஓடி முறியடிக்க 33 ஆண்டுகள் ஆயின.

1973 ஜூலை 21-ல் காலாங்கில் தேசிய விளையாட்டரங்கத்தைப் பிரதமர் லீ குவான் இயூ திறந்துவைத்தார். டோட்டோ, சுவீப் சீட்டு வாங்கிய சாமானியர்களின் காசும் அதைக் கட்ட உதவியது. மலேசியக் கிண்ண ஆட்டங்களில் எஸ். ராஜகோபால் மூலையிலிருந்து பந்தை வளைத்து உதைத்தபோது எழுந்த ஆரவாரத்தில் மொழி வேறுபாடு ஏது? அந்த அரங்கம் 2007-ல் மூடப்பட்டது. 2014-ல் அதே இடத்தில் 55,000 இருக்கைகளுடன் புதிய அரங்கம் எழுந்தது.

அதே 1973-ல்தான் நம் ஆங் மோ கியோ நகரின் கட்டுமானமும் தொடங்கியது. பிறகு அவென்யூ 1-ல் நீச்சல் குளமும், அவென்யூ 9-ல் இயோ சூ காங் விளையாட்டரங்கமும் வந்தன. கம்பத்தை விட்டு அடுக்குமாடிக்கு வந்த குடும்பங்களுக்கு அக்கம்பக்கம் புதிது. ஒரே மின்தூக்கியில் பேசாமல் நிற்பவர்கள்கூட, ஒரே ஓடுதடத்தில் நான்கு நாள் நடந்தால் ஐந்தாம் நாள் பேசிவிடுவார்கள். காலாங் நமக்கு ஆரவாரத்தைத் தந்தது. அறிமுகத்தைத் தந்தது வீட்டுப் பக்கத்துத் திடல்.

ஃபேரர் பார்க்கில் 1957-ல் திறந்த நீச்சல் குளம் 2003-ல் மூடப்பட்டது. சுமார் 1,600 வீவக வீடுகள் அந்தத் திடல் பகுதியில் வரும் என்று 2021-ல் அறிவித்தார்கள். பழைய நினைவுகள் கொண்ட பலருக்கு மனம் கனத்தது. வீடும் வேண்டும், திடலும் வேண்டும். சிறிய தீவில் இரண்டும் எளிதல்ல. வீடுகளுக்கு நடுவே பொதுத் திடலும் புதிய விளையாட்டு வசதிகளும் அமையும் என்பது திட்டத்திலேயே இருக்கிறது. அது ஆறுதல்தான்.

ஆனால் அதை எப்படி அளப்பது? பந்தோடு வருகிற ஒரு பையன், முன்பதிவும் கட்டணமும் இல்லாமல் அங்கே ஆட முடிகிறதா என்று பாருங்கள். குணாளன்கள் அப்படித்தான் கிடைத்தார்கள். இடம் சுருங்கலாம் நேயர்களே, வாசல் சுருங்கக் கூடாது.