பானிப்பட்டில் நின்றவர் எத்தனை பேர்?

ஒரு போரைப் பற்றிக் கேட்டவுடன், வென்றவர் யார், தோற்றவர் யார் என்று வினவுகிறோம். அங்கு நின்று போரிட்டவர் யாவர், எத்தனை பேர் என்று வினவுவோர் சிலரே. அவ்வினாவுக்கு விடை காண்பதும் எளிதன்று.

1761-ஆம் ஆண்டு ஜனவரி 14-ஆம் நாள் நிகழ்ந்த மூன்றாம் பானிப்பட்டுப் போரை எடுத்துக்கொள்வோம். ஒரு புறம் சதாசிவராவ் பாவுவின் தலைமையில் மராத்தியர். மறு புறம் ஆப்கானிய மன்னர் அகமது ஷா அப்தாலி. போர்க்களம் தில்லிக்கு வடக்கே. மராத்தியரின் கடிதங்களையும் கணக்குகளையும் தேட வேண்டிய இடமோ பேஷ்வாக்களின் நகரமாகிய புனே.

இரு படைகளின் தொகையை வகைவகையாகக் கூறியவர் காசிராஜ பண்டிதர். அவர் கணக்கில் மராத்தியருக்குக் குதிரைவீரர் 55,000, காலாட்கள் 15,000, பீரங்கிகள் 200. அப்தாலிக்குக் குதிரைவீரர் 41,800, காலாட்கள் 38,000. இவ்வளவு நுணுக்கமான எண்களைக் கண்டதும் நம்பிவிடத் தோன்றும். ஆனால் அவர் அப்தாலியின் பக்கம் சேர்ந்த சுஜா உத் தௌலாவின் பணியாளர். பாரசீக மொழியில் எழுதியதும் போர் முடிந்து பல ஆண்டுகளுக்குப் பின்னரே. தம் பக்கத்தை அவர் அருகிருந்து அறிந்தார். எதிர்ப்பக்கத்தைத் தொலைவிலிருந்து அறிந்தார். இவ்வேறுபாட்டை மறத்தல் ஆகாது.

பகர் எனப்படும் மராத்தியக் கதைவரலாறுகளோ கேட்போர் உள்ளம் உருக எழுதப்பட்டவை. அவற்றில் எண்கள் பெருகுவது இயல்பு. ஆகவே அறிஞர் அன்றன்று எழுதிய கடிதங்களை நாடினர். மோடி எழுத்தில் அமைந்த அக்கடிதங்களின் முதல் தொகுதியை இராஜவாடே 1898-இல் வெளியிட்டார். 1910-இல் புனேயில் பாரத இதிகாச சம்சோதக மண்டலம் தோன்றியது. பின்னர் பேஷ்வா தப்தரத்திலிருந்து சர்தேசாய் 45 தொகுதிகளைப் பதிப்பித்தார். இவற்றையெல்லாம் ஆராய்ந்து சேஜ்வல்கர் 1946-இல் பானிப்பட்டைப் பற்றித் தனி நூலே இயற்றினார்.

கடிதமும் குற்றமற்ற சாட்சி அன்று. பணம் வேண்டி எழுதும் தலைவன் தன் படையைப் பெரிதாகக் காட்டக்கூடும். சம்பளப் பட்டியலில் உள்ள பெயர்கள் அனைத்தும் களத்தில் நின்றன என்பதற்கும் உறுதியில்லை. மேலும், "குதிரைவீரர்" என்ற ஒரு சொல்லுக்குள் இருவகையினர் அடங்குவர். பார்கீர், அரசு தந்த குதிரையில் ஏறியவன். சிலேதார், தன் சொந்தக் குதிரையுடன் வந்தவன். குதிரை மாண்டால் முன்னவனுக்கு அரசின் நட்டம். பின்னவனுக்கோ பிழைப்பே போயிற்று. இப்ராகிம் கான் கார்தியின் துப்பாக்கிக் காலாட்களோ ஐரோப்பிய முறையில் பயின்றவர்கள். இவர்களையெல்லாம் ஒரே எண்ணில் கூட்டினால் படையின் இயல்பு மறைந்துவிடும்.

இன்னொரு கூட்டமும் உண்டு. பாசறையில் பெண்டிரும், யாத்திரிகரும், வணிகரும், பணியாளரும் பெருந்திரளாக இருந்தனர். அவர்களைப் போர்வீரரோடு சேர்த்து எண்ணினால் படையின் வலிமையைத் தவறாக மதிப்போம். எண்ணாமலே விட்டால் அழிவின் அளவைத் தவறாக மதிப்போம். பசியால் வாடிய பாசறையில் உணவைப் பங்கிட்டுக்கொண்டவர்களும் அவர்களே. தோல்விக்குப்பின் அகப்பட்டு அல்லலுற்றவர்களும் அவர்களே.

ஆதலின், ஒரு போரின் தொகையைக் கேட்கும்போது மூன்றைச் சேர்த்துக் கேட்பது நன்று: எண்ணியவர் யார்? எப்போது எண்ணினார்? எதன்பொருட்டு எண்ணினார்? தலைவர்களின் பெயர்களை வரலாறு எளிதில் மறப்பதில்லை. பெயரற்ற மற்றவர்க்கு எஞ்சியிருப்பது ஓர் எண் மட்டுமே. அதையேனும் பிழையின்றிக் கூறுவது நம் கடன்.