கிளைடில் பிறந்த காவிரி

அம்மா மண்டபப் படித்துறையில் நிற்கும்போதெல்லாம் எனக்கு இன்னொரு காவிரியின் நினைவும் வரும். அது ஒரு போர்க்கப்பல். பிறந்தது குடகில் அல்ல, ஸ்காட்லாந்தின் கிளைட் ஆற்றங்கரையில், யர்ரோ கப்பல் தளத்தில். அந்தத் தளத்தின் கதையில் ஜப்பான் முன்பே நுழைந்துவிட்டது.

டார்பிடோ ஏந்திய சின்னப் படகுகள் பெரிய போர்க்கப்பல்களையே கவிழ்த்துவிடும் என்ற அச்சத்தில் பிறந்தவை நாசகாரிக் கப்பல்கள். அவற்றைக் கட்டிப் பழகாத ஜப்பான், அப்போது லண்டன் தேம்ஸ் கரையில் இருந்த யர்ரோவிடம் கேட்டு வாங்கியது. 1901 நவம்பரில் 'அகாட்சுகி' நீரில் இறங்கியது. பெயருக்குப் பொருள் விடியல். அடுத்த ஜனவரியில் 'கசுமி'. வேகம் 31 நாட், மணிக்கு ஏறத்தாழ 57 கிலோமீட்டர்.

அந்த வேகத்தின் சூட்சுமம் பாய்லரில் இருந்தது. திருவெறும்பூர் பெல் பாய்லர் ஆலைப் பக்கம் வளர்ந்தவர்களுக்கு இதை விளக்க வேண்டியதில்லை: குழாய்க்குள் தண்ணீர், வெளியே நெருப்பு. ஆல்ஃபிரெட் யர்ரோ மேலே ஒரு உருளை, கீழே இரண்டு உருளைகள் வைத்து, இடையில் நேரான குழாய்களைச் சாய்வாகப் பொருத்தினார். எடை குறைந்தது, நீராவி சீக்கிரம் வந்தது.

1904 பிப்ரவரி 8 இரவு, ரஷ்யாவுடனான போரை ஜப்பான் அறிவிப்பதற்கு முன்பே, போர்ட் ஆர்தரில் நின்ற ரஷ்யக் கப்பல்களை அகாட்சுகியும் கசுமியும் தாக்கின. மே 17 அன்று அகாட்சுகி கண்ணிவெடியில் சிக்கி மூழ்கியது. அதற்குள் ஜப்பான் தன் சொந்த நாசகாரிகளை யோகோசுகாவில் கட்டத் தொடங்கிவிட்டது. வாங்கியதைப் பார்த்தே தொழிலைக் கற்றுக்கொண்ட அந்த வேகம், கப்பலின் வேகத்தைவிட என்னை வியக்க வைக்கிறது.

பிறகு யர்ரோ தளம் கிளைடுக்குக் குடிபெயர்ந்தது. பழைய வாடிக்கையாளரான ஜப்பான், இரண்டாம் உலகப்போரில் எதிரியானது. இந்தியக் கடற்படைக்காக 1942 அக்டோபர் 28 அன்று கிளைடில் காவிரிக்கு ஏரா, அதாவது அடித்தண்டு, வைத்தார்கள். நீர்மூழ்கிகளை வேட்டையாடிக் கப்பல் அணிகளைக் காக்கும் ஸ்லூப் வகை அது. வேகம் 20 நாட் அளவே. பாய்லரோ மூன்று உருளை வகை, யர்ரோ வடிவத்தின் வாரிசு.

மேட்டூர் அணை திறக்கும் வழக்கமான நாள் ஜூன் 12. காவிரிக் கப்பல் தண்ணீரைத் தொட்டது 1943 ஜூன் 15. அதே தளத்தில் ஏப்ரலிலேயே கிருஷ்ணா என்ற கப்பல் இறங்கியிருந்தது. அக்டோபரில் பணியேற்ற காவிரி, சுதந்திரத்துக்குப் பிறகும் இந்தியக் கொடியோடு கடலில் இருந்தது. 1961 டிசம்பரில், கோவாவை மீட்கப் போன கப்பல்களில் அதுவும் ஒன்று.