மேகத்துக்குக் காத்திருந்தவர்

சினிமாவின் சரித்திரத்தை எழுதப் புகுந்தவர்கள் நடிகருக்கும் டைரக்டருக்கும் அத்தியாயம் அத்தியாயமாக இடம் கொடுத்துவிட்டு, அந்த நடிப்பையும் கற்பனையையும் நம் கண்ணுக்குக் கொண்டுவந்து சேர்த்த ஒளிப்பதிவாளருக்கு ஒரு வரி ஒதுக்குவதோடு திருப்தி அடைந்துவிடுகிறார்கள். பிரிட்டிஷ் சினிமாவிலும் இந்த அநீதி நேர்ந்தே இருக்கிறது. வர்ணப் படங்களால் கீர்த்தி பெற்ற ஜாக் கார்டிஃபின் பெயரையாவது ரசிகர்கள் அறிவார்கள். அவருக்குச் சற்று முன்னால், அவர் வேலை செய்த அதே மைக்கேல் பவல், எமெரிக் பிரெஸ்பர்கர் என்ற டைரக்டர் இரட்டையருக்காகக் கறுப்பு வெள்ளையில் அற்புதம் செய்த எர்வின் ஹில்லியரை அறிந்தவர்கள் வெகு சிலர்.

1911-இல் பெர்லினில் பிறந்த ஹில்லியர் முதலில் சித்திரக்கலை பயின்றவர். அவருடைய ஓவியங்களைக் கண்டு வியந்த ஜெர்மன் டைரக்டர் முர்னோ, தென்கடல் தீவுகளில் தாம் எடுக்கவிருந்த 'டாபு' படத்துக்குக் காமிரா உதவியாளராக வரும்படி அழைத்தார். தந்தையார் சம்மதிக்காததால் அந்தப் பிரயாணம் நின்றுபோயிற்று. ஆனால் காமிராவின்மீது விழுந்த ஆசை நிற்கவில்லை. ஃப்ரிட்ஸ் லாங் 1931-இல் வெளியிட்ட 'எம்' படத்தில், ஒளிப்பதிவு மேதை ஃப்ரிட்ஸ் ஆர்னோ வாக்னரின்கீழ் அவர் உதவியாளராக வேலை செய்தார். கொலைகாரனின் முகத்தைக் காட்டாமல், அவனைப் பிடித்துக் கொடுப்போருக்குப் பரிசு அறிவிக்கும் சுவரொட்டியின்மேல் அவனுடைய நிழலை மாத்திரம் விழச்செய்து பார்ப்பவரை நடுங்கவைத்த படம் அது. இருள் என்பது வெளிச்சமின்மை அல்ல, அதுவும் ஒரு பாத்திரமே என்ற பாடத்தை இருபது வயதுக்குள் கற்றுக்கொண்டவர், விரைவில் இங்கிலாந்துக்குச் சென்றார். அந்தப் பத்தாண்டில் செட்டு அமைப்பாளர் ஆல்ஃபிரட் யுங்கே முதலிய ஜெர்மானியக் கலைஞர்கள் பலர் பிரிட்டிஷ் ஸ்டூடியோக்களில் வந்து சேர்ந்து, அங்கே நிலவிய தட்டையான வெளிச்சத்துக்கு ஆழம் கொடுத்தார்கள் என்பது என் அபிப்பிராயம்.

அந்தப் பாடம் முழுமையாகப் பலித்தது 1944-இல் வெளிவந்த 'ஏ காண்டர்பரி டேல்' படத்தில். யுத்தகால இருட்டடிப்பு அமலில் இருக்கும் ஓர் இரவில், காண்டர்பரிக்கு முந்திய சிற்றூர் ஸ்டேஷனில் ஓர் அமெரிக்க சார்ஜெண்டு தவறுதலாக இறங்கிவிடுகிறான். அங்கே ஓர் ஆங்கிலச் சிப்பாயும், வயல்வேலைக்கு வந்த ஒரு பெண்ணும் அவனைச் சந்திக்கிறார்கள். நாயகர்களை அறிமுகப்படுத்தும் கட்டத்தில் முகங்களை விளக்கமாகக் காட்டுவதுதான் சாதாரண வழக்கமாயிருக்க, ஹில்லியரோ திரையை ஏறக்குறைய முழு இருளிலேயே விட்டுவிட்டு, கைவிளக்கின் ஒளி பட்ட இடத்தை மாத்திரம், ஒரு தொப்பியின் விளிம்பையும் ஒரு தோளின் ஓரத்தையும் மாத்திரம், நமக்குக் காட்டுகிறார். குரல்கள் முதலில் வருகின்றன, முகங்கள் பிறகு வருகின்றன. அந்நாளைய ஆங்கிலேயர் ஒவ்வொருவரும் இரவுதோறும் அனுபவித்த இருட்டு அது. ஆகவே அது வெறும் அலங்காரமன்று, சத்தியம்.

1942 ஜூன் மாதத்தில் ஜெர்மன் விமானங்கள் காண்டர்பரியின்மீது குண்டு பொழிந்திருந்தன. கதாநாயகி நடந்து செல்லும் இடிந்த வீதிகள் உண்மையானவை. கட்டடங்கள் தரைமட்டமானதனாலேயே தேவாலயம் முன்னைவிட நன்றாகத் தெரிகிறது என்று படத்தில் ஒருத்தி சொல்லும்போது நெஞ்சு கனக்கிறது. தேவாலயத்தின் உட்புறமோ, யுத்தத்துக்காக வர்ணக் கண்ணாடிகளைக் கழற்றி வைத்திருந்தபடியால், டென்ஹாம் ஸ்டூடியோவில் யுங்கே எழுப்பிய செட்டு. வெளியே மெய்யான சூரிய ஒளி, உள்ளே ஸ்டூடியோ விளக்குகள். இரண்டுக்கும் இடையே தையல் தெரியாமல் இணைத்தது ஹில்லியரின் கை.

அவருக்கு மேகங்களின்மேல் இருந்த மோகத்தைப் பவல் தம் சுயசரிதையில் வாஞ்சையோடு எழுதியிருக்கிறார். எல்லாம் தயாராகி நடிகர்கள் நின்றுகொண்டிருக்கும் வேளையில், அதோ ஒரு சிறு மேகம் இந்தப் பக்கம் வருகிறது, இன்னும் சில நிமிஷம் பொறுங்கள் என்று கெஞ்சுவாராம். இதில் நியாயம் உண்டு. கறுப்பு வெள்ளைப் படத்தில் நிர்மலமான ஆகாயம் வெற்றுக் காகிதம்போல் வெளிறிவிடும். மஞ்சள் அல்லது சிவப்புக் கண்ணாடியை லென்ஸின் முன் வைத்து நீலத்தைக் கருக்கினால், மேகம் திரண்டு நின்று, அதன்கீழ் உள்ள நிலத்துக்கு விஸ்தாரத்தைக் கொடுக்கும். காண்டர்பரியைச் சூழ்ந்த கெண்ட் பிரதேசத்துக் குன்றுகள் 'ஏ காண்டர்பரி டேல்' படத்தில் அவ்வளவு பரந்து கிடப்பதற்கு அந்தக் காத்திருப்பே காரணம்.

அடுத்து வந்தது 1945-ஆம் வருஷத்து 'ஐ நோ வேர் ஐ ஆம் கோயிங்'. வர்ணக் காமிராவுக்காகக் காத்திருந்த இடைவேளையில் எடுத்த இந்தப் படம், ஸ்காட்லாந்தின் மேற்குக் கரைத் தீவான மல்லில் உருவாயிற்று. கதாநாயகன் ராஜர் லைவ்ஸியோ லண்டன் நாடக மேடையை விட்டு வரமுடியாமல் ஸ்காட்லாந்துப் பக்கமே போகவில்லை. அங்கே தூரத்தில் அவருக்குப் பதிலாள் நடக்க, முகம் தெரியும் காட்சிகள் ஸ்டூடியோவில் எடுக்கப்பட்டன. கோரிவ்ரெக்கன் கடற்சுழலில் படகு தத்தளிக்கும் கட்டத்தில் மெய்க்கடலும் ஸ்டூடியோத் தண்ணீரும் கலந்திருக்கின்றன. இவ்வளவு சிக்கலான வேலையை, ஒளியை அளக்கும் லைட் மீட்டரைத் தொடாமலே, கண்ணின் அநுபவத்தை மட்டும் நம்பி ஹில்லியர் முடித்தார். ஒரு சித்திரக்காரனின் கண்ணுக்கே இது கைகூடும்.

பவலின் அடுத்த பெரிய வர்ணப் படம் கார்டிஃபிடம் சென்றது. ஹில்லியர் பவலுக்காக மறுபடியும் படம் பிடிக்கவில்லை. பிற்பாடு டைரக்டர் மைக்கேல் ஆண்டர்சனோடு நெடுங்காலம் உழைத்தார். 1955-இல் வந்த 'தி டாம் பஸ்டர்ஸ்', யுத்தகாலத்து உண்மையான வெடிகுண்டுச் சோதனைப் படச்சுருள்களோடு ஒட்டிப்போக வேண்டி, வர்ணத்தை விட்டுக் கறுப்பு வெள்ளையில் எடுக்கப்பட்டது. பிரிட்டனில் அது அடைந்த வெற்றி பிரமாதம். 1966-இல் 'தி குவில்லர் மெமொராண்டம்' என்ற ஒற்றர் கதைக்காகத் தாம் பிறந்த பெர்லினின் இராத்திரித் தெருக்களை வர்ணத்தில் பிடித்தார். அந்தப் பத்தாண்டின் முடிவோடு அவர் தொழிலும் ஏறக்குறைய முடிந்தது.

'ஏ காண்டர்பரி டேல்' வெளியானபோது ஜனங்களைக் கவரவில்லை. அமெரிக்காவுக்கென அதை வெட்டிக் குறுக்கி, புதுக் காட்சிகளையும் சேர்த்தார்கள். முழுப் படத்தைப் பிரிட்டிஷ் ஃபிலிம் இன்ஸ்டிட்யூட் 1970-களில் சீர்செய்து மீட்டபின் அதன் மதிப்பு உயர்ந்தது. 2005 ஜனவரியில் தமது தொண்ணூற்று மூன்றாம் வயதில் காலமான ஹில்லியர், அந்த மறுமதிப்பைக் காணும்படி வாழ்ந்திருந்தார். யுத்தகாலத்துப் பிரிட்டனில் எடுத்த கறுப்பு வெள்ளைப் படங்களில், 'ஏ காண்டர்பரி டேல்', 'ஐ நோ வேர் ஐ ஆம் கோயிங்' ஆகிய இவ்விரண்டுக்கும் ஈடான ஒளிப்பதிவை நான் கண்டதில்லை.